மல்லாட்டைக் கணக்கு

காபி ஆறுகிறது, ஜெனித். முதலில் அதைக் குடி. என் வீட்டுக்காரி சூசை மேரிக்குக் கண் மங்கிவிட்டது போலிருக்கிறது, உனக்கு எவர்சில்வர் டம்ளரில் கொண்டுவந்து வைத்துவிட்டாள். வருகிறவர்களுக்கென்று அலமாரியில் கண்ணாடி கிளாஸ் தனியாக இருக்கிறது. எவர்சில்வர் கையைச் சுடும், அதற்காகச் சொன்னேன்.

நீ டாக்டராகிவிட்டதில் எனக்கு நிஜமாகவே சந்தோஷம். நம் பங்கிலிருந்து முதல் பெண் டாக்டர் என்று பங்குச் சாமியார் பூசையில் அறிவித்தபோது முதலில் கை தட்டியவன் நான்தான். யாரை வேண்டுமானாலும் கேட்டுப்பார். திண்டிவனத்தில் என்னிடம் கணக்குப் படித்து டாக்டரானவர்கள் பத்துப் பேருக்கு மேல் இருப்பார்கள். ஆனால் உங்கள் தெருவிலிருந்து நீதான்.

வந்து உட்கார்ந்ததும் ஒரே ஒரு கேள்வி கேட்டாய். "சார், எங்கண்ணன்கிட்ட நீங்க சொன்ன கணக்கு தப்புன்னு உங்களுக்கு அப்பவே தெரியுமா?" அவன் எங்காவது எழுதி வைத்திருந்தது இப்போதுதான் உன் கையில் கிடைத்திருக்கும். சுற்றி வளைக்காத கேள்வி. விடையை ஒரே வார்த்தையில் சொல்லிவிடலாம். ஆனால் விடையை மட்டும் எழுதினால் நான் மார்க் போடுவதில்லை என்பது உனக்குத் தெரியும். படிப்படியாகத்தான் வர வேண்டும். என் பெண் வெனிலா விழுப்புரத்தில் பாடம் நடத்தி முடித்து ஐந்தரை மணி பஸ்ஸில்தான் வந்து இறங்குவாள். உன் அண்ணன் தன்னைக் கைவிட்டுவிட்டுப் போனான் என்று இந்தப் பதினொரு வருஷமாக நினைத்துக்கொண்டிருக்கிறாள். நான் சொல்லப்போவதை அவளிடம் சொல்வதா வேண்டாமா என்பதை நீ பிறகு முடிவு செய்துகொள். சொல்ல மாட்டாய் என்றுதான் நினைக்கிறேன். சொல்லி அவளுக்கு என்ன கிடைக்கப்போகிறது?

உன் சீனியர்கள் உன்னிடம் மல்லாட்டைக் கணக்கைப் பற்றிச் சொல்லியிருப்பார்கள். பிளஸ் ஒன் புத்தகத்தின் கடைசிப் பாடம் நிகழ்தகவு. சூத்திரத்தைப் பார்த்தாலே பிள்ளைகளுக்குத் தலை சுற்றும். அதனால் நான் மார்க்கெட் கமிட்டியில் கொட்டிக் கிடக்கும் வேர்க்கடலையிலிருந்து, நம் ஊர் மல்லாட்டையிலிருந்து ஆரம்பிப்பேன். பத்தாயிரம் மல்லாட்டை. அதில் சொத்தை இருபதுதான். பார்த்துப் பொறுக்குகிற அம்மா கெட்டிக்காரி, நூறு கொட்டையைப் பார்த்தால் தொண்ணூற்றெட்டைச் சரியாகச் சொல்லிவிடுவாள், இரண்டில்தான் தவறுவாள். இப்போது அவள் சொத்தை என்று தள்ளி வைத்த குவியலிலிருந்து ஒன்றை எடுக்கிறாய். அது நிஜமாகவே சொத்தையாக இருக்க வாய்ப்பு எவ்வளவு? வகுப்பே தொண்ணூற்றெட்டு என்று கத்தும். நான் சிரித்துக்கொண்டே கரும்பலகைக்குத் திரும்புவேன். சொத்தை இருபதும் அந்தக் குவியலுக்குப் போய்விடும், சரி. ஆனால் நல்ல மல்லாட்டை பத்தாயிரத்துக்குக் கொஞ்சம் குறைவு, அதில் நூற்றுக்கு இரண்டு என்றால் இருநூறு. அந்த இருநூறும் தவறுதலாக அதே குவியலில்தான் கிடக்கிறது. ஆக, தள்ளி வைத்த குவியலில் ஒரு சொத்தைக்குப் பத்து நல்ல மல்லாட்டை. பதினொன்றில் ஒன்றுதான் சொத்தை. பையன்கள் வாயைப் பிளந்துகொண்டு உட்கார்ந்திருப்பார்கள். இருபது வருஷத்துக்கு மேல் இந்தக் கணக்கை ஒரு வருஷம்கூட விடாமல் நடத்தினேன். உன் செட்டுக்கு மட்டும் நடத்தவில்லை.

உன் அண்ணன் ஆண்டோ இந்தப் பாடத்தைப் படிக்கவில்லை. பத்தாவதில் என்னிடம் கணக்கில் தொண்ணூற்றாறு வாங்கிவிட்டு நேராகப் பாலிடெக்னிக்குக்குப் போய்விட்டான். நல்ல பையன். அதை நான் எப்போதும் மறுத்ததில்லை. புதுச்சேரியில் சூப்பர்வைசர் வேலை, தண்ணி கிடையாது, ஞாயிறு பூசை தவறாது. கொயரில் வெனிலாவும் அவனும் ஒன்றாகப் பாடினார்கள். நான் அந்த வருஷம் பங்குப் பேரவையின் உபதலைவர். கிறிஸ்துமஸ் விழா மேடையில், ஞானஸ்நானம் வாங்கிய பிறகு மேலத்தெரு ஏது, கீழத்தெரு ஏது என்று பேசினேன். நல்ல பேச்சு. ஆயர் இல்லத்திலிருந்து வந்த சாமியார் என் கையைப் பிடித்துக் குலுக்கினார். மறுநாள் காலையில் வெனிலா என் முன்னால் வந்து நின்று, ஆண்டோவைக் கட்டிக்கொள்கிறேன் என்றாள்.

என்ன செய்ய முடியும்? சம்மதித்தேன். மனப்பூர்வமாகச் சம்மதித்தேன் என்றே வைத்துக்கொள். என் அண்ணன் தம்பிகள் வீட்டுக்கு வருவதை நிறுத்திவிட்டார்கள், அதையும் பொறுத்துக்கொண்டேன். தவக்காலத்தில் கல்யாணம் கிடையாது என்பதால் ஈஸ்டர் பாஸ்கா கழிந்த பிறகு ஓலை வாசிக்கலாம் என்று முடிவானது. மூன்று ஞாயிற்றுக்கிழமை சாமியார் பலிபீடத்திலிருந்து பெயர்களைப் படித்து, இவர்கள் திருமணத்துக்கு யாருக்காவது தடை தெரிந்தால் வந்து சொல்லலாம் என்பார். அந்த மூன்று ஞாயிறும் நான் முதல் பெஞ்சில் உட்கார்ந்திருக்க வேண்டும். முதுகுக்குப் பின்னால் கோயில் முழுக்க மேலத்தெரு உட்கார்ந்திருக்கும். அதை நினைத்தால் எனக்குச் சோறு இறங்காது, அவ்வளவுதான். அது யாருக்கும் இருக்கிற சங்கடம்.

ரத்தப் பரிசோதனை என் யோசனை. அப்போது பத்திரிகைகளில் எழுதிக்கொண்டிருந்தார்கள், கல்யாணத்துக்கு முன்னால் எச்.ஐ.வி. பார்த்துக்கொள்வது நல்லது என்று. படித்தவர்கள் முன்மாதிரியாக இருக்க வேண்டாமா? பையனுக்கு மட்டும் பார்த்தால் போதும் என்றுதான் சொன்னேன். வெனிலா விடவில்லை. "அவருக்கு மட்டும் எதுக்குப்பா? நானும் குடுக்கறேன்" என்று கூடவே போனாள். பொங்கல் கழிந்த வாரம் அது. ரயில்வே கேட்டுக்கு இந்தப் பக்கம் ஒரு சின்ன லேப். கோதண்டபாணி என்பவர் நடத்தினார். அவர் மகன் என்னிடம் டியூஷன் படித்தவன்.

மறுநாள் ரிப்போர்ட் வாங்க நான் தனியாகப் போனேன். கோதண்டபாணி என்னை உள்ளே கூப்பிட்டுக் கதவைச் சாத்தினார். ஆண்டோவுக்குப் பாசிட்டிவ்.

"பதட்டப்படாதீங்க சார். இது முதல் டெஸ்ட்டுதான். நூத்துக்குத் தொண்ணூத்தெட்டு கரெக்டா காட்டும்னு பெட்டியில போட்டுக்கிறான். ஆனா இத்த வெச்சிக்கினு ஒண்ணும் சொல்ல முடியாது. விழுப்புரத்துல பெரிய லேப்ல வேற கிட்டு போட்டுப் பாத்துட்டா தெரிஞ்சிடும். தம்பிய நான் கூப்ட்டு சொல்லட்டுமா?"

"வேண்டாம், நானே சொல்லிக்கிறேன். வீட்டு விஷயம்" என்றேன். அவர் கும்பிட்டார். வாத்தியார் மேல் ஊருக்கு இருக்கிற மரியாதை அது.

லேப் வாசலில் செருப்பை மாட்டிக்கொள்வதற்குள் கணக்கு முடிந்துவிட்டது. நான் முயற்சி செய்து போடவில்லை, தானாக வந்தது. ஆண்டோ மாதிரிப் பையன்கள் பத்தாயிரம் பேரில் இருபது பேருக்கு நோய் இருந்தால் அதிகம். தொண்ணூற்றெட்டு சதவீத டெஸ்ட். அதே எண்கள், அதே மல்லாட்டை. பதினொன்றில் பத்துப் பங்கு அவனுக்கு ஒன்றுமில்லை. உன் கேள்விக்கு முதல் படி இதுதான், ஜெனித். எனக்குத் தெரியும்.

மறுநாள் சாயங்காலம் அவனைப் பள்ளி சைக்கிள் ஸ்டாண்டுக்கு வரச் சொன்னேன். பிள்ளைகள் எல்லாரும் போயிருந்தார்கள். ரிப்போர்ட்டை அவன் கையில் கொடுத்தேன். அவன் முகத்தில் ஈயாடவில்லை.

"நான் ஒரு தப்பும் பண்ணல சார். மாதா மேல சத்தியமா."

"நான் உன்னைத் தப்பாக நினைக்கவில்லை" என்றேன். அது உண்மை.

"போன வருஷம் பைக்ல விழுந்தப்ப ஊசி போட்டாங்களே, அதுல வந்திருக்குமா சார்?"

"இருக்கலாம்."

"இந்த டெஸ்ட்டு எந்த அளவுக்கு கரெக்டு சார்?"

"நூற்றுக்குத் தொண்ணூற்றெட்டு." இதுவும் உண்மை. பெட்டியில் அச்சடித்திருக்கிறது.

"அப்போ எனக்கு இல்லாம இருக்கறதுக்கு சான்ஸ் எவ்ளோ சார்?"

"ரெண்டு" என்றேன்.

நீ இந்த இடத்தில்தான் நிற்பாய் என்று தெரியும். அவன் கேட்டது வேறு கேள்வி, நான் சொன்னது வேறு கேள்விக்கு விடை. நோய் இல்லாதவனுக்கு டெஸ்ட் தவறாக வர வாய்ப்பு எவ்வளவு என்று கேட்டிருந்தால் நூற்றுக்கு இரண்டு. டெஸ்ட் இப்படி வந்துவிட்ட பிறகு நோய் இல்லாமல் இருக்க வாய்ப்பு எவ்வளவு என்பது தலைகீழ்க் கேள்வி. இரண்டையும் எல்லாரும்தான் குழப்பிக்கொள்கிறார்கள், டாக்டர்கள்கூட. நான் குழப்பிக்கொள்ளவில்லை. அவன் குழம்பியிருந்தான், நான் திருத்தவில்லை. திருத்தாமல் விட்டதற்கும் தவறாகச் சொல்லிக்கொடுத்ததற்கும் வித்தியாசம் இருக்கிறது என்று நான் ரொம்ப காலம் நம்பினேன்.

இன்னொரு தடவை எடுத்துப் பார்க்கலாமா என்று கேட்டான். எடுத்தாலும் இதேதான் வரும் என்றேன். நாலு பேர் பார்க்கிற இடத்துக்குப் போய் ரத்தம் கொடுத்தால் விஷயம் வெளியே வரும், உன் அம்மா தெருவில் நடக்க முடியாது, ஜெனித்தை ஸ்கூலில் பக்கத்தில் உட்கார விடமாட்டார்கள் என்றேன். எதுவும் மிகையில்லை, அப்போது ஊர் அப்படித்தான் இருந்தது. அவன் அழுதான். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, "வெனிலாவுக்கு இது தெரிய வேணாம் சார். நானே வேணாம்னு சொல்லிடறேன்" என்றான். சொல்லியும்விட்டான். அன்றைக்கே போனில். வெனிலா கதவைச் சாத்திக்கொண்டு கிடந்தாள். நான் வெளியே நின்று, போனால் போகிறான் விடம்மா என்றேன்.

உன் அம்மா சவுரியம்மாள் இந்த வாசலுக்கு வந்ததும் நினைவிருக்கிறது. உள்ளே வரச் சொன்னேன், அவர்தான் படியிலேயே நின்றார். "சார், புள்ள சாப்ட மாட்டேங்குது, வேலைக்கும் போவ மாட்டேங்குது. கேட்டா வாயே தொறக்கல. நீங்க சொன்னா கேப்பான் சார், என்னா ஏதுன்னு கேளுங்க" என்றார். கேட்கிறேன் என்று சொல்லி அனுப்பினேன்.

அடுத்தது உன் வகுப்பு. நீ இரண்டாவது பெஞ்சில் ஜன்னலோரம். பிப்ரவரியில் நிகழ்தகவுக்கு வந்தோம். அண்ணனுக்கு ஏதோ உடம்பு, ஏதோ ரத்த டெஸ்ட் என்று உன் காதில் விழுந்திருக்கலாம். அந்தப் பாடத்தை நடத்தினால் அவன் கணக்கை நீ போட்டுவிடுவாய். வகுப்பில் என்னைவிட வேகமாகப் போடுகிறவள் நீ ஒருத்திதான். எல்லாப் பள்ளியிலும் பிளஸ் ஒன் பாடத்தைப் பாதியில் மூடிவிட்டு பிளஸ் டூ ஆரம்பிப்பது வழக்கம். நான் மட்டும்தான் அந்த வழக்கத்தைத் திட்டிக்கொண்டிருந்தவன். அந்த ஒரு வருஷம் நானும் மூடினேன். நீ எழுந்து நின்று, "சார், கடைசி லெசன்?" என்று கேட்டாய். பப்ளிக்கில் வராது, உட்கார் என்றேன். ஹெட்மாஸ்டர்கூட, வாத்தியார் ஒருவழியாகத் திருந்திவிட்டார் என்று கேலி செய்தார்.

தவக்காலம் பாதியில் கோதண்டபாணி இங்கே வந்தார். நீ உட்கார்ந்திருக்கும் நாற்காலியில்தான் உட்கார்ந்தார். "சார், அந்தப் பெட்டியே சரியில்ல சார். அதுல பாத்த இன்னும் சில பேருக்கும் இதே மாரி வந்து, எல்லாம் விழுப்புரத்துல இல்லன்னு ஆயிடுச்சி. மனசு பேஜாரா கீது. தம்பிக்குப் போன் போட்டா எடுக்க மாட்டேங்குது. விழுப்புரம் அனுப்பினீங்களா சார்?"

"அனுப்பினேன். ஒன்றும் இல்லை என்று வந்துவிட்டது" என்றேன்.

நேரடியான பொய் என்றால் அது ஒன்றுதான். பேச்சை முடிப்பதற்காகச் சொன்னது. அவர் சிலுவை போடத் தெரியாதவர், கையை மேலே தூக்கி முருகா என்றார். சந்தோஷமாகப் போனார். ஆண்டோ அப்போது உயிரோடு இருந்தான். உங்கள் வீட்டுக்குச் சைக்கிளில் போனால் பாட்டு ஒன்று முடிவதற்குள் போய்விடலாம். நான் டியூஷன் பிள்ளைகளுக்கு அன்றைக்கு வட்டத்தின் சமன்பாடு நடத்தினேன்.

குருத்தோலை ஞாயிற்றுக்கு முந்தின நாள் கிடங்கல் ஏரிக்கரையில் அவன் பைக் நின்றது. மற்றதை உனக்குச் சொல்ல வேண்டியதில்லை. அடக்கத்துக்கு வந்தேன். நம் கல்லறைத் தோட்டத்தில் நடுவே சுவர் இருக்கிறதல்லவா, நான் சுவருக்கு இந்தப் பக்கம் என் அப்பா கல்லறையருகே நின்று செபித்தேன். வெனிலாவை வர விடவில்லை. அதற்குப் பிறகு எத்தனையோ வரன் வந்தது, எல்லாம் நல்ல குடும்பம். எதற்கும் அவள் தலையை நிமிர்த்திப் பார்க்கவில்லை. சூசை மேரி என்னிடம் தேவைக்குமேல் பேசுவதை நிறுத்திவிட்டாள். நானும் இதில் நஷ்டப்பட்டவன்தான் என்பதை நீ கணக்கில் எடுத்துக்கொள்ள வேண்டும்.

அவ்வளவுதான். இனி நீ கேட்க ஒன்றும்—

என்ன கேட்டாய்? இன்னொரு தடவை சொல்.

"அன்னிக்கு பாசிட்டிவ் வந்தது எங்கண்ணனுக்கு மட்டுமா சார்?"

கோதண்டபாணியைப் பார்த்துவிட்டுத்தான் வந்திருக்கிறாய். அவர் இன்னும் இருக்கிறாரா? சர்க்கரை முற்றிப் படுத்துவிட்டார் என்றார்கள். சரி. சொல்லிவிடுகிறேன். மறைக்க வேண்டும் என்று மறைக்கவில்லை, நீ கேட்ட முதல் கேள்விக்கு அது தேவைப்படவில்லை.

இரண்டு ரிப்போர்ட். வெனிலாவுக்கும் பாசிட்டிவ்.

அன்று வீட்டுக்கு வந்து சூசை மேரியிடம் சொன்னபோது அவள் அடுப்படியிலேயே சரிந்துவிட்டாள். முதலில் என் மனமும் வேறு பக்கம் ஓடியது. அவனிடமிருந்துதானா என்று பல்லைக் கடித்தேன். பிறகு சூசை மேரியை எழுப்பி உட்காரவைத்து, ஒரு முறம் மல்லாட்டையைத் தரையில் கொட்டி, கணக்கை விளக்கினேன். பதினொன்றில் ஒன்றுதான், பயப்படாதே, பத்துப் பங்கு நம் பெண்ணுக்கு ஒன்றுமில்லை என்றேன். வகுப்பில்கூட நான் அவ்வளவு பொறுமையாக அந்தக் கணக்கை நடத்தியதில்லை. அவளுக்குப் புரிந்தது. மல்லாட்டையைக் கூட்டி அள்ளிக்கொண்டே அவள் கேட்டாள், "அப்போ அந்தப் புள்ளைக்கும் அதே கணக்குதானங்க?" நான் முதல் பஸ்ஸுக்காக அலாரத்தைத் திருகி வைத்தேன்.

காலையில் முதல் பஸ்ஸில் வெனிலாவை விழுப்புரம் கூட்டிப் போனேன். ரத்தம் குறைவாக இருக்கிறதாம், இன்னொரு தடவை பார்த்துவிடலாம் என்று சொல்லித்தான். வேறு கிட்டில் பார்த்தார்கள். மத்தியானமே ரிசல்ட் கொடுத்தார்கள். ஒன்றுமில்லை. பஸ் ஸ்டாண்டில் அவளுக்கு ரோஸ்மில்க் வாங்கிக் கொடுத்தேன். ஒரே பெட்டி, ஒரே நாள், ஒருத்திக்கு வந்தது பொய் என்று தெரிந்துவிட்டது. இந்தத் தகவலைச் சேர்த்துக்கொண்டால் ஆண்டோவுக்கு நோய் இருக்கும் வாய்ப்பு பதினொன்றில் ஒன்றுகூட இல்லை, அதற்கும் கீழே. திரும்பி வரும் வழியில் விக்கிரவாண்டிக்குள் அதையும் போட்டுவிட்டேன். அன்று சாயங்காலம்தான் அவனைச் சைக்கிள் ஸ்டாண்டுக்கு வரச் சொன்னது.

அவனையும் கூட்டிப் போயிருக்கலாமே என்று கேட்கப்போகிறாய். கேட்காதே. போயிருக்கலாம்.

ஆக உன் முதல் கேள்விக்கு விடை, தெரியும். அவனிடம் ரெண்டு என்று சொல்லும்போது அவனுக்கு ஒன்றுமில்லை என்று எனக்கு ஏறக்குறைய நிச்சயமாகத் தெரியும். ஏரிக்கு அவன் தானாகப் போனான் என்று நான் சொல்லிக்கொள்ளலாம். சொல்லவில்லை. உன் அண்ணனைக் கொன்றது நான்தான். போலீசில் எழுதிக் கொடுப்பதானாலும் கொடு, கையெழுத்துப் போடுகிறேன். காரணத்தை மட்டும் சரியாக எழுது. சாதிக்காகச் செய்தார் என்று எழுதினால் அது பொய்யாகிவிடும். அன்று மேடையில் பேசியதில் ஒரு சொல்லையும் இன்றுவரை நான் திரும்பப் பெற்றதில்லை. ஒரு தகப்பனின் பயம், அவ்வளவுதான்.

கேட் சத்தம் கேட்கிறது. வெனிலாதான். உன்னைப் பார்த்தால் சந்தோஷப்படுவாள், உன் முகம் அப்படியே அவன் முகம். நீ எழுந்துவிட்டாய், சரி, போய்ச் சொல்வதானால் சொல். நான் இங்கேயே உட்கார்ந்திருக்கிறேன். அந்த டம்ளரை எங்கே எடுத்துக்கொண்டு உள்ளே போகிறாய், ஜெனித்? கொல்லைப்புறம் குழாயடியில் வைத்துவிடு. அடுப்படியில் வைத்தால் மற்றதோடு கலந்துவிடும்.